வேலிக்கு வெளியே ஒரு பிடி சோறு

மலாய் நாட்டில் வெள்ளைக்காரன் அவசர காலம் போட்டிருந்தபோது, ஈஜோக் பக்கம் எங்கள் ரப்பர் தோட்டத்து லய வீடுகளைச் சுற்றி முள்கம்பி வேலி போட்டு, கொஞ்ச நாளில் வாசல் காவலை ஒரு மண்டோரிடம், அதாவது கங்காணியிடம், கொடுத்தார்கள். அதுவரை பெண்டாட்டி அதட்டினால் சத்தம் காட்டாமல் வெளியே போய்விடுகிற மனிதர். வாசலில் நின்ற மறுநாளே நாட்டையே ஆள்பவர் போல மீசையை முறுக்கினார். காட்டில் ஒளிந்திருக்கும் கம்யூனிஸ்டுகளுக்கு ஒரு பருக்கைகூடப் போகக் கூடாதென்று, பொதுவில் சமைத்து அளந்து போட்ட நாட்கள் அவை. ரப்பர் பால் எடுக்க மரம் வெட்டப் போகிற எல்லோரும் பால் வாளியைத் திறந்து காட்ட வேண்டும். கொஞ்சம் முகம் சுளித்தால் போதும், "பேரக் குடுத்துருவேன்லா!" என்பார். பேர் கொடுக்கப்பட்டவர்கள் போலீஸ் லோரியில் ஏற்றப்பட்டார்கள். யாரும் திரும்பி வந்து நான் பார்க்கவில்லை. அவருக்கு முன் வாசலில் நின்ற காவலாளியே, ஒரு சோற்றுப் பொட்டலத்தைக் கவனிக்காமல் விட்டதற்காக அப்படித்தான் போனார்.

என் வீட்டுக்காரருக்கு இதெல்லாம் தெரியும். இருந்தாலும் புது மர நிரையில் பால் கத்தி வைக்கும் முதல் நாள் முனியாண்டிக்குப் படைக்காமல் அவரால் இருக்க முடியாது. முனியாண்டியோ வேலிக்கு வெளியே, காட்டோர மரத்தடியில். தன் பங்குச் சோற்றில் ஒரு பிடியை உருட்டி, வாளிக்குள் கந்தல் துணிக்கு அடியில் வைத்துக்கொண்டு வாசலைத் தாண்டிவிட்டார். பின்னால் வரிசையில் நின்ற நான் மண்டோரின் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பத்தடி போவதற்குள் மண்டோருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. ஓடிப்போய் துணியைப் பிரித்து, உருண்டையைக் கையில் எடுத்தார்.

"யாருக்குடா சோறு?"

"சாமிக்குங்க."

"சாமி எங்கடா இருக்கு?"

"காட்டுலங்க."

உலகத்தில் வேறு எந்த மனிதனாவது அந்த நேரத்தில் இப்படிப் பதில் சொல்வானா? எனக்குத் தாலியைப் பிடித்துக்கொள்ளத்தான் தோன்றியது. அந்த நேரம் பார்த்து ரோந்து வந்த போலீஸ் சார்ஜன் ஜீப்பிலிருந்து இறங்கினார்.

சோறு வேலியைத் தாண்டிவிட்டது. இருப்பதோ மண்டோர் கையில். அவர் முகம் வெளுத்துப் போயிற்று. முனியாண்டியின் உருண்டையை முழுசாக வாயில் திணித்துக்கொண்டு சலாம் வைத்தார். என்ன விஷயம் என்று சார்ஜன் மலாயில் கேட்டதற்கு, கண் பிதுங்க, ஒன்றுமில்லை என்று தலையை மட்டும் ஆட்டினார். ஜீப் போய்விட்டது.

அன்று லயம் முழுக்க ஒரே சிரிப்பு. சாமி சோற்றைத் தின்றவருக்கு இன்றைக்கே வயிறு பிடுங்கும் என்றார்கள் பெண்கள். நானும் சிரித்தேன், நடுநடுவே அழுதேன். எங்களை ஆட்டி வைத்த அதே பயம்தான் அவரையும் ஆட்டி வைக்கிறது என்று எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று.

மறுநாள் காலை வாசலில் அதே மண்டோர், அதே முறைப்பு. வரிசையில் நின்றவர்கள் ஒருவர் விடாமல் தலையைக் குனிந்துகொண்டு வாளியைத் திறந்து காட்டினோம். கேட்பதற்கு முன்பே திறந்து காட்டியவள் நான்.