நாற்றை விடாத கை

விபத்து நஷ்டஈட்டு வழக்கில், கை கால் போனதற்குக் காசு கேட்பது பெரிய வேலை இல்லை. போயிருக்கிறது என்று அந்த ஆளையே ஒத்துக்கொள்ள வைக்கிறதுதான் வேலை. மதுரைத் தல்லாகுளத்தில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தவன் நான். படிப்பு எட்டாங்கிளாஸோடு சரி. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பதுக்குக் கொஞ்சம் முன்னே பின்னே நடந்தவை இவை. என்னை மாதிரி கட்சிக்காரர்களைக் கட்டி மேய்த்தவர்கள் யாராவது இதைப் படித்தால், என் பாடு அவர்களுக்குத் தெரியும்.

நொண்டாத மாப்பிள்ளை

கோச்சடையிலிருந்து ஓர் இளவட்டம். பஸ் இடித்ததில் ஒரு கால் மற்றதைவிட ஒரு விரல் அகலம் குட்டையாகிவிட்டது. எங்கள் ஆபீசுக்கு விந்தி விந்தித்தான் வருவான். வாய்தா அன்றைக்குப் பார்த்தால், கோர்ட் வராந்தாவில் பட்டாளத்துக்காரன் மாதிரி நடக்கிறான்; நெற்றியெல்லாம் வேர்வை. "மாப்ள, ஜட்ஜ் பார்க்கப் போறாருடா, உள்ளபடி நட" என்றேன். என் காதருகே வந்தான்.

"அண்ணே, சும்மா இருங்க. எனக்குப் பேசியிருக்கிற பொண்ணோட அப்பா வேப்பமரத்தடியில நிக்கிறாரு."

டாக்டர் முன்னால்

நாகமலை புதுக்கோட்டைப் பக்கத்துப் பேச்சியம்மாள் வேறு ரகம். நடவுக்கூலி. வரிசையில் அவள்தான் முதல் ஆள். மற்றவர்கள் அவள் கைக்கு ஈடுகொடுக்க ஓடவேண்டும். லாரி மோதி வலது முன்கை நொறுங்கியது. மாவுக்கட்டைப் பிரித்தபோது விரல்கள் கொக்கி மாதிரி மடங்கியே நின்றுவிட்டன. நஷ்டஈடு வந்தால் நாலு ஆடு வாங்கி மேய்த்துப் பிழைத்துக்கொள்ளலாம் என்பது அவள் எண்ணம். அந்த வீட்டுக்கு வேறு வழியும் இல்லை.

ஊனம் எத்தனை சதவீதம் என்று எழுதித் தருவதற்காக, டாக்டர் விரல்களை நிமிர்த்திப் பார்த்தார். அவள் கண்ணில் நீர் கட்டிவிட்டது.

"வலிக்குதாம்மா?"

"இல்லங்கய்யா."

"வேலை செய்ய முடியுதா?"

"செய்றேங்கய்யா."

அவர் குறைச்சலாகப் போட்டுவிட்டார். வெளியே வந்து தலையில் அடித்துக்கொண்டேன். அவள் என்னையே அதட்டினாள்.

"அம்புட்டுப் பெரிய மனுசரு, மெனக்கெட்டு நம்ம கையைப் பிடிச்சுப் பாக்குறாரு. அவருகிட்டப் போயி நைநைன்னு அழுகச் சொல்றீகளாண்ணே?"

கூண்டில்

இன்ஷூரன்ஸ் தரப்பு வக்கீல் விவரமான ஆள். மேஜை மேல் கயிறு போட்டுக் கட்டியிருந்த கேஸ் கட்டைக் காட்டி, "இதை உன்னால தூக்க முடியாதுல்ல?" என்றார், கொஞ்சம் இளக்காரமாக. ரோசக்காரியாச்சே! கயிற்றுக்கு அடியில் அந்த வலது கை விரலையே கொடுத்தாள், ஒரே தூக்கு. வக்கீல் சிரித்தபடி, "வேறு கேள்வி இல்லை" என்று உட்கார்ந்தார். நாலு ஆடும் என் கண்முன்னால் நடந்து போயின.

"வச்சிரும்மா" என்றார் ஜட்ஜ். வைத்தாள். கை வரவில்லை. கயிற்றில் மாட்டிய விரல்களை இடது கையால் ஒவ்வொன்றாகப் பிரித்தெடுத்து, கூச்சப்பட்டு முந்தானைக்குள் மறைத்தாள். ஜட்ஜ் பேனாவைக் கீழே வைத்தார்.

"நடவுலயும் இப்படித்தானா?"

அவள் குரல் அப்போதுதான் முதல் தடவையாக இறங்கியது.

"நாத்தைப் பிடிச்சிரும்யா. சேத்துல ஊனுனா விடாது. பிடுங்கிக்கிட்டே வந்துரும்."

பஸ் ஸ்டாப்பில்

டாக்டர் போட்ட சதவீதத்தைத் தள்ளிவைத்து, நடவு வேலைக்கு அந்தக் கை முழுசாகவே போய்விட்டது என்று ஜட்ஜ் தீர்ப்பு எழுதினார். நாலு ஆடு என்ன, அதற்கு மேலேயே வாங்கலாம். பஸ்ஸுக்கு நிற்கும்போது கேட்டேன், "ஏந்தாயி, என் உசுர வாங்கவா அன்னைக்கு அதைத் தூக்குன?"

"பின்னே? முடியாதுல்லன்னு ஒருத்தர் கேட்டா, வேற என்னண்ணே செய்ய?"

என் காலத்தில் கோர்ட்டில் பொய் சொன்ன கட்சிக்காரர்கள் நிறைய உண்டு, ஆனால் பாதிப்பேர் சொன்ன பொய் 'எனக்கு ஒண்ணுமில்லைங்கய்யா' என்பதுதான்.