எனக்கு மிஞ்சிய சிப்பாய்

ஐந்தாம் வகுப்பில் ஒரு ப்ராஜெக்டுக்காக அமெரிக்க உள்நாட்டுப் போர் வீரர்களை ஆளுக்கொருவராகப் பங்கு போட்டபோது, பெரிய தளபதிகளை எல்லாம் மற்ற பிள்ளைகள் தட்டிக்கொண்டு போய்விட்டார்கள். எனக்கு மிஞ்சியவர் ஒரு சாதாரணச் சிப்பாய். நூறு வருஷத்துக்கும் முன்னால், குண்டு மழைக்கு நடுவே விழுந்து கிடந்த கொடியை எடுத்துக்கொண்டு ஓடி, அதற்காகப் பதக்கம் வாங்கியவர். எங்கள் நியூ ஜெர்சி ஊரிலேயே அவரைப் புதைத்திருந்தார்கள். கல்லறையின் மேல் தாளை வைத்துக் கிரேயானால் தேய்த்து, எழுத்துகளைப் படியெடுத்து வர வேண்டும். திங்கட்கிழமை கொடுக்க வேண்டியதை ஞாயிற்றுக்கிழமை காலையில்தான் வீட்டில் சொன்னேன்.

சற்று முன்புதான் ஒரு போன் வந்து, பேசி முடித்திருந்தார்கள். அப்பா சோபாவில் அசையாமல் உட்கார்ந்திருந்தார். வாரம் முழுக்க ரயிலேறி மன்ஹாட்டன் போய்வருகிற மனுஷர். ஞாயிறென்றால் அப்படித்தான் இருப்பார் என்று நினைத்துக்கொண்டேன்.

"இன்னிக்கு வேண்டாமே" என்றாள் அம்மா. நான் அழுதேன். அப்பா கார் சாவியை எடுத்தார்.

கல்லறைக் கல்லில், அந்தப் பதக்கத்துக்கு அடையாளமாக, தங்க நிறத்தில் ஒரு நட்சத்திரம் செதுக்கியிருந்தது. அப்பா ஷூவைக் கழற்றிவிட்டு, ஈரப்புல்லில் மண்டியிட்டுத் தாளைப் பிடித்துக்கொண்டார். நான் தேய்த்தேன்.

"சண்டை முடிஞ்சு இவர் வீட்டுக்குத் திரும்பினப்போ, இவங்க அப்பா உயிரோட இருந்தாராடா?"

"ஐ டோன்ட் நோ. தட்ஸ் நாட் ஆன் த ஷீட்." பள்ளியில் கொடுத்த குறிப்பில் அது இல்லை.

அவர் பிடி நழுவித் தாள் நகர்ந்தது. நட்சத்திரம் இரண்டாகப் பதிந்தது. எனக்கு வந்ததே கோபம்! "நீங்க ரூயின் பண்ணிட்டீங்க" என்று கத்தினேன்.

"இன்னொரு தாள் இருக்குல்ல கண்ணா, பண்ணலாம்" என்றார்.

வீட்டில் அம்மா பின்வாசலிலேயே மறித்து, எதையும் தொடாமல் நேரே போய்த் தலைக்குக் குளிக்கச் சொன்னாள். கல்லறைக்குப் போய்வந்தால் குளிக்க வேண்டுமாம். ஆனால் வீட்டிலேயே இருந்த அம்மாவின் தலையும் ஈரம், தங்கைப் பாப்பாவின் தலையும் ஈரம். "நீதான் வரவே இல்லையே, அப்புறம் வொய்?" என்றேன். "சும்மாத்தான்" என்றாள்.

நான் கல்லூரிக்குப் போன பிறகுதான் அம்மா விஷயத்தைச் சொன்னாள். அன்று காலை வந்த போன் மதுரையிலிருந்து. அப்பாவின் அப்பா இறந்துபோயிருந்தார். கிரீன் கார்டு மனு பாதியில் இருந்தது. அந்த நிலையில் நாட்டைவிட்டுக் கிளம்பினால் அத்தனையும் போய்விடும். மூத்த பிள்ளை இங்கே இருக்க, அங்கே கொள்ளி வைத்தது சித்தப்பா. "குழந்தைகிட்ட இப்போ சொல்லாத, நாளைக்கு ப்ராஜெக்ட் இருக்கு" என்று அப்பாதான் சொன்னாராம்.

நினைத்தால் இப்போதும் உடம்பு கூசுகிறது. அன்று அப்பா குளிக்கப் போய் வெகுநேரமாகியும் தண்ணீர்ச் சத்தம் நிற்கவில்லை. எனக்கு வெந்நீர் மிச்சம் வைக்கமாட்டாரே என்று, கதவை ஓங்கி ஓங்கித் தட்டிக்கொண்டிருந்தேன்.