கண்ணாடி அலமாரியில் ஒரு நாவல்

எங்கள் சங்கத்தில் பொன்னாடைக்குப் பஞ்சம் இருந்ததில்லை. ஜார்ஜ் டவுனில் ஒரு பழைய கடைவீட்டின் மாடியில் வாசகசாலை இருந்தது. கீழே மசாலைத் தூள் அரைத்தார்கள். மேலே வருகிறவர்கள் தும்மிக்கொண்டே பத்திரிகை படிப்பார்கள். நான் தமிழ்ப்பள்ளியில் ஆறு வருடமும் அதற்குமேல் இடைநிலைப் பள்ளியில் மூன்று படிவமும் படித்தவன். நாலு பேர் முன்னால் பேச வராது, ஆனால் கையெழுத்து நன்றாக இருக்கும். பேசாத ஆள் செயலாளராக இருப்பது தலைவருக்கு வசதி என்பதால் அந்தப் பதவியில் என்னை உட்கார வைத்தார்கள்.

எண்பதுகளின் நடுவில் ஒருநாள், ஓர் எழுத்தாளருக்குப் பாராட்டு விழா எடுக்கப்போவதாகத் தலைவர் சொன்னார். வெள்ளைக்காரன் ஆட்சியை எதிர்த்துப் பத்திரிகையில் எழுதி, பிறகு ஒரு நாவலும் எழுதி, அதற்காக ஒரு வருடத்துக்கு மேல் சிறையில் இருந்தவர் அவர். சுதந்திரம் வந்ததும் அவரை எல்லோரும் சௌகரியமாக மறந்துவிட்டார்கள். வேறோர் ஊர்ச் சங்கம் அவரைக் கௌரவிக்கப் போகிறது என்று கேள்விப்பட்ட பிறகுதான் தலைவருக்கு நாட்டுப்பற்று வந்தது.

அந்த நாவலை எங்களில் எவரும் பார்த்ததில்லை. அச்சகத்திலேயே போலீஸ் மூட்டை கட்டிக்கொண்டு போய்விட்டது. முன்கூட்டியே வாங்கிய சிலர் பயந்து அடுப்பில் போட்டார்கள். எழுதியவரிடமே ஒரு பிரதி இல்லை. அதனால் மேடையில் அதை இஷ்டம்போல் புகழலாம் என்பது எங்களுக்குப் பெரிய அனுகூலம்.

அழைப்பிதழோடு நான்தான் அவர் அறைக்குப் போனேன். டத்தோ கிராமாட் சாலைப் பக்கம் வாடகை அறை.

“பொன்னாடையா? அந்தா சன்னல்ல தொங்குதே, அது ஈப்போவுல போட்டது. வெயிலுக்கு நல்லாருக்கு,” என்றார். “இப்ப போர்த்தப் போறது யாரு?”

ஓய்வுபெற்ற பெரிய அதிகாரி ஒருவர், இப்போது டத்தோ பட்டம் வாங்கியவர் என்று சொல்லிப் பெயரைக் காட்டினேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“அவனா. அப்போ அவன் போலீஸ்ல எழுத்து வேல பாத்த தமிழ் கிராணி தம்பி. நான் எழுதறத எல்லாம் இங்கிலீஷ்ல ஆக்கி தொரைக்குக் குடுத்தது அவன்தான். என்னயப் புடிச்ச அன்னிக்கு மேசையில கட்டா வெச்சிருந்தான். ஒரு வரி விடல.”

விழா அத்தோடு நின்றது என்று நினைத்து எழுந்தேன். அவர் என்னை உட்காரச் சொன்னார்.

“வர்றேன்னு சொல்லு. ஆனா ஒன்னு. எல்லாத்துலயும் ஒரு காப்பிய ஃபைலுக்கு வெப்பானுங்க. அந்தப் பொஸ்தகம் அவன்கிட்ட இருக்கும். அத எனக்குக் கேட்டு வாங்கிக் குடு. என்ன எழுதினேன்னே மறந்து போச்சு. கண்ணு இருக்கறப்பவே ஒரு தடவ படிக்கணும்.”

பழைய கதையைத் தலைவரிடம் சொன்னேன்.

“தெரியும் தம்பி. அதனால என்னா? ரெண்டு பேருக்கும் ஏற்கெனவே பழக்கம். நல்லதாப் போச்சு லா,” என்றார்.

டத்தோவிடம் புத்தகத்தைப் பற்றிக் கேட்க இரண்டு முறை தொலைபேசியை எடுத்தேன். மணி அடிப்பதற்குள் வைத்துவிட்டேன்.

விழா வழக்கம்போல் நடந்தது. டத்தோ ஒன்றரை மணி நேரம் தாமதமாக வந்தார். அதற்குள் தலைவர் அந்த நாவலைக் காதல் காவியம் என்றார். துணைத்தலைவர் அது கடலைப் பற்றியது என்றார். இருவருக்கும் கைதட்டல் கிடைத்தது. பிறகு டத்தோ எழுந்து, கையில் ஒரு தாள்கூட இல்லாமல், அந்த நாவலின் கதையைத் தொடக்கத்திலிருந்து சொன்னார். ரப்பர் தோட்டத்தில் பால் நிறுக்கும்போது ஏமாற்றுகிறார்கள். ஒரு பெண் அந்தத் தராசைத் தூக்கிக் கால்வாயில் போடுகிறாள். தொழிலாளர் குடியிருக்கும் லயமே வேலைக்குப் போகாமல் உட்கார்ந்துவிடுகிறது. அங்கேயே நிறுத்திக்கொண்டார். அந்த மண்டபத்தில் நாவலைப் படித்த ஒரே மனிதர், அதைக் காட்டிக் கொடுக்கச் சம்பளம் வாங்கியவர். எழுத்தாளர் காதுக்குப் பின்னால் கையை வைத்துக் கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

பொன்னாடை போர்த்திய கையை எழுத்தாளர் விடவில்லை.

“பொஸ்தகம் இருக்கா?”

“இருக்குண்ணே. ஆபீஸ் மூடறப்ப தூக்கிப் போட இருந்தாங்க. நா எடுத்து வெச்சிட்டேன்.”

ஒலிபெருக்கியில் எல்லோருக்கும் கேட்டது. தலைவர் பாய்ந்து வந்து, டத்தோ அவர்கள் அந்த அரிய நூலை நம் சங்கத்துக்கு அன்பளிப்பாக வழங்குகிறார்கள் என்று அறிவித்தார். டத்தோ ஒரு கணம் விழித்தார். கைதட்டல் கேட்டதும் புன்னகை செய்தார்.

மறுவாரமே புத்தகம் கண்ணாடி அலமாரிக்குள் போய்விட்டது. அலமாரி நூல்கள் வெளியே போகக்கூடாது என்பது விதி. செயற்குழுவில் வாயைத் திறந்து, அதை எழுதியவரிடமே கொடுத்துவிடலாமே என்றேன்.

“அவரு மெம்பரா தம்பி?” என்றார் தலைவர்.

“இல்லண்ணே. அவரு எழுதினதுதானே.”

“கோயில் கட்டின கொத்தனாரு சாமிய வீட்டுக்குத் தூக்கிட்டுப் போறாரா?”

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என்மேல் அருவருப்பாக இருக்கிறது.

எழுத்தாளரே வந்தார். மாலை ஐந்து மணிக்கு மாடிப்படியில் இரண்டு இடத்தில் நின்று நின்று ஏறுவார். வருகைப் பதிவேட்டில் ‘நோக்கம்’ என்ற கட்டத்தில், ‘என் நூலைப் பார்க்க’ என்று எழுதுவார். பாயான் பாரு தொழிற்சாலையில் வேலை முடிந்து பஸ்ஸில் வந்து நான் அலமாரியைத் திறந்து கொடுப்பேன். ஏழு மணி வரை பள்ளிக்கூட நோட்டுப் புத்தகத்தில் தன் நாவலைத் தானே பார்த்து எழுதுவார்.

புத்தகம் முழுக்கச் சிவப்புப் பென்சில் கோடுகள். அரசாங்கத்துக்கு ஆகாத வரிகளில் கிராணி போட்டவை.

“கோடு இருக்கற எடத்துலதான் நல்லா எழுதியிருக்கேன்,” என்பார். இன்னொரு நாள், “இத விட்டுட்டான் பாரு. தொரைய இதவிட மோசமா எங்கயும் திட்டல. இவனுக்குப் போயி தமிழ் கிராணி வேல,” என்றார்.

தலைவர் ஒருமுறை யாரோ விருந்தாளியை அழைத்து வந்து, எழுதிக்கொண்டிருந்தவரைக் கைகாட்டி, “நம்ம சங்கத்துல ஆராய்ச்சியெல்லாம் நடக்குது,” என்றார்.

கடைசி இரண்டு அத்தியாயங்கள் இருக்கும்போது அவர் வருவது நின்றது. பொது மருத்துவமனையில் சேர்த்திருக்கிறார்கள் என்று தெரிந்தது. இரண்டு நாள் அலமாரி விதியை நினைத்துக்கொண்டிருந்தேன். மூன்றாம் நாள், ஐந்தாறு பேர் பத்திரிகை படித்துக்கொண்டிருக்கும்போதே அலமாரியைத் திறந்து, புத்தகத்தை எடுத்து, பிளாஸ்டிக் பையில் போட்டுக்கொண்டு இறங்கினேன். ஒருவரும் தலைநிமிரவில்லை. அவ்வளவு நல்ல வாசகர்கள்.

அவருக்குக் கண் மங்கியிருந்தது. படிக்கச் சொன்னார். வார்டில் ஆட்கள் இருந்ததால் நான் மெல்லப் படித்தேன்.

“சத்தமாப் படி தம்பி. அதுக்குத்தானே ஜெயிலுக்குப் போனேன்.”

சத்தமாகப் படித்தேன். பக்கத்துக் கட்டிலில் இருந்த சீனக் கிழவர் திரும்பிப் பார்த்தார். கடைசி அத்தியாயத்தில், தராசைக் கால்வாயில் போட்ட பெண் துரையின் பங்களாவுக்குப் போய், லயத்துக்காக மன்னிப்புக் கேட்கிறாள். துரை மனமிரங்குகிறான். அந்த அத்தியாயத்தில் ஒரு சிவப்புக் கோடுகூட இல்லை.

அவர் புத்தகத்தை என் கையிலிருந்து வாங்கிக் கண்ணருகில் வைத்துப் பார்த்தார்.

“நானா எழுதினேன் இத?” என்றார். “பயந்திருக்கேன். கடைசியில கொஞ்சம் தணிச்சு எழுதினா விட்டுருவானுங்கன்னு நெனச்சிருக்கேன். அப்பவும் புடிச்சுட்டுப் போனானுங்க. அவ போகக் கூடாது தம்பி. எழுதிக்க.”

நோட்டுப் புத்தகத்தில் அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். மொத்தம் ஒன்பது வரி. துரை ஆள் அனுப்புகிறான். அவள் போகவில்லை. கதவுக்கு உள்ளே உட்கார்ந்து கீரை ஆய்கிறாள். அவ்வளவுதான்.

அந்த மாதமே அவர் இறந்தார். இரங்கல் கூட்டத்தில் தலைவர் நாவலின் வீரமான முடிவைப் பற்றிக் கண்ணீரோடு பேசினார்.

புத்தகத்தை நான் திருப்பி வைக்கவில்லை. அலமாரியில் இடம் காலியாக இருப்பதைப் பத்து வருடமாக யாரும் பார்க்கவும் இல்லை. ‘அரிய நூல் ஒன்று சங்கத்தின் பாதுகாப்பில் உள்ளது’ என்று ஆண்டறிக்கையில் வருடந்தோறும் நானே எழுதுகிறேன். இப்போது அதை மறுபதிப்புச் செய்யலாம் என்று செயற்குழுவில் பேச்சு எழுந்திருக்கிறது. அச்சுப் புத்தகமும் நோட்டுப் புத்தகமும் என்னிடம்தான் இருக்கின்றன. இரண்டையும் கொடுத்தால் அவள் மன்னிப்புக் கேட்கிற முடிவைத்தான் போடுவார்கள் என்று எனக்குத் தெரியும்.