எல்லைக்கோட்டின் மேல் ஒரு கட்டில்

ஹெஸ்டர் ட்ரூலவ் உட்கார்ந்து யாரும் பார்த்ததில்லை. ஊர்த் துணியெல்லாம் வெளுத்துக் கொடுத்தும் ஓயாத உடம்பு அது. அந்த வாரம் கேட்கவே வேண்டாம், காலில் சக்கரம்தான். மாவட்டக் கவுன்சில் எல்ம்ஸ்டனில் எட்டு வீடுகளைக் கட்டி முடித்திருந்தது. குழாய்த் தண்ணீர், ஒழுகாத கூரை. ஆனால் எல்ம்ஸ்டன் பாரிஷ்காரர்களுக்கு, அதாவது அந்தத் தேவாலய வட்டாரத்தில் குடியிருப்பவர்களுக்கு மட்டும்.

ஹெஸ்டரின் வீடோ எல்ம்ஸ்டன் பாரிஷுக்கும் ஹார்கோட் பாரிஷுக்கும் நடுவே, எல்லைக்கோட்டின் மேலேயே இருந்தது. வட்டார எல்லை மறந்துபோகாமலிருக்க அதன்மேலேயே நடந்து சுற்றிவரும் நாளில் பாதிரியாரும் ஊராரும் அவள் வாசலில் நுழைந்து, நடைவழியோடு போய், பின்ஜன்னலில் ஏறிக் குதிப்பார்கள். படுக்கையறை எல்ம்ஸ்டன், சமையலறை ஹார்கோட். இப்படிப்பட்ட வீட்டில் கட்டில் எந்தப் பக்கமோ, ஆளும் அந்தப் பக்கம். அது பாட்டன் காலத்து வழக்கம்.

கணவர் ஆம்ப்ரோஸுக்கு நெஞ்சு சரியில்லை. இந்த ஈரத்தில் இன்னொரு குளிர்காலம் தாங்காது என்று டாக்டர் கையை விரித்துவிட்டார். அதனால்தான் ஹெஸ்டர் அந்த எட்டு வீடுகளில் ஒன்றுக்கு மனுப் போட்டிருந்தாள்.

கட்டில் எந்தப் பக்கம் என்று கவுன்சில் ஆள் கில்பி பார்க்க வருவதாகச் சொன்ன வியாழக்கிழமை காலையில் மழை கொட்டியது. கூரை ஒழுகி ஆம்ப்ரோஸின் தலையணை நனைந்தது. ஹெஸ்டர் யோசிக்கவேயில்லை. அவரோடு சேர்த்துக் கட்டிலைச் சமையலறை அடுப்போரம் இழுத்துப் போட்டாள். மூச்சு வாங்கி நிமிர்ந்தால், வாசலில் கில்பி குடையை மடக்கிக்கொண்டு நிற்கிறார்.

நல்ல மனிதர்தான். ஆனால் சட்டம் என்றால் நூலிழை பிசகமாட்டார். கட்டிலைப் பார்த்தார், நோட்டைப் பிரித்தார். கண்ணால் கண்டதைத்தான் எழுத முடியும், கட்டில் ஹார்கோட்டில் கிடக்கிறது என்றார். ஹெஸ்டர் ஒழுகலைச் சொன்னாள், டாக்டரைச் சொன்னாள். பென்சில் அசையவில்லை.

அவளுக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. கட்டில் காலைப் பற்றித் தரதரவென்று படுக்கையறைக்கே இழுத்துப் போனாள். ஆம்ப்ரோஸின் நெற்றியில் சொட்டென்று ஒரு துளி விழுந்தது.

"இப்ப எந்த பாரிஷ், சார்?"

"அம்மா, அவர் நனையறாரு."

"நனையட்டும். நீங்க எழுதுற வரைக்கும் நனைவாரு." சொல்லிக்கொண்டே போர்வையை அவர் கழுத்துவரை இழுத்துவிட்டாள்.

ஆம்ப்ரோஸ் இருமி முடித்துக் கண்ணைத் துடைத்தார். "ஊர் பேரை மட்டும் எழுதுங்க சார். மிச்சத்த நான் காஞ்சப்புறம் எழுதிக்கலாம்."

கில்பி குடையை விரித்து அவர் தலைக்கு மேல் ஒரு கையால் பிடித்தார். நோட்டை முழங்காலில் வைத்து, மறு கையால் கோணலும் மாணலுமாக எல்ம்ஸ்டன் என்று எழுதினார்.

ஹெஸ்டர் அந்த ஈரக் கட்டிலிலேயே தொப்பென்று உட்கார்ந்தாள்.