தம்பியின் இடுப்பளவு

பிரிக்பீல்ட்ஸ் துணிக்கடையில் நரைத்த தாடிக்காரர் ஒருவர் ஒரே கால்சட்டையை மடிப்பதும் பிரிப்பதுமாக நிலைகொள்ளாமல் நின்றார். திடீரென்று அதை என் இடுப்பில் வைத்துப் பார்த்தார்.

“என் தொப்பையை நம்பினா கூடாரம்தாண்ணே கிடைக்கும்,” என்றேன்.

“ஜெயில்ல இருக்கிற தம்பிக்கு பாஸ். இருபது வருஷமா கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன் உட்கார்ந்திருக்கிறதைத்தான் பார்த்திருக்கேன். இடுப்பளவு தெரியல லா.”

தம்பிக்குத் தூக்குத் தண்டனை. புதிய சட்டப்படி அடுத்த வாரம் நீதிமன்றம் அதை மறுபடி பார்க்கிறது. முப்பது வருடமாகக் குறைத்தால், மூன்றில் ஒரு பங்கு நன்னடத்தைக் கழிவு போக, உடனே வெளியே வந்துவிடலாமாம்.

“அவர்கிட்டயே அளவு கேளுங்களேன்,” என்றேன் மேதாவியாக.

“கேட்டா நம்பிருவான். நான் ஒருத்தன் நம்புறது போதும்.”

விளையாட்டுப் பக்கம் தவிர எதையும் படிக்காத நான், அந்த வாரம் நீதிமன்றச் செய்திகளை வரி விடாமல் தேடினேன். தம்பியின் பெயரைக் கேட்கவே இல்லை என்பது அப்போதுதான் உறைத்தது.