தேவசகாயம் சாரின் காலில்லா நாற்காலி

தேவசகாயம் சாரின் மகன் எட்வினிடமிருந்து போன் வந்தால் நான் எங்கோ தாமதமாகிவிட்டேன் என்று அர்த்தம். இரண்டு வருடமாக அப்படித்தான். அன்று காலை அலுவலகத்தில், பயிர்க் காப்பீட்டுக்கு வந்த கூட்டத்துக்கு நடுவில், ஒருவருடைய சிட்டாவை இன்னொருவர் கையில் கொடுத்துவிட்டு இருவரிடமும் திட்டு வாங்கிக்கொண்டிருந்தேன். எட்வின் பெயரைப் பார்த்ததும், "தம்பி, சாயங்காலம்தானே, கரெக்டா வந்துடுறேன்" என்று நானே முந்திக்கொண்டேன். "அங்கிள், அப்பா போயிட்டாங்க" என்றான். காலையில் காபி கொண்டுபோன பக்கத்து வீட்டு அருள்மேரிதான் பார்த்திருக்கிறார். கட்டிலில், தூக்கத்திலேயே. நான் மறுபடியும், "வந்துடுறேன்" என்றேன்.

தேவசகாயம் சாரோடு வேளாண்மை அலுவலகத்தில் வேலை பார்த்த உங்களுக்கு அவரை நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. அவர் அதிகாரி, நான் எழுத்தர். ஆனால் டீ வாங்கக் கடைக்குப் போனது பெரும்பாலும் அவர்தான். நான் போனால் டீ ஆறிப்போய், ஊர்க்கதை மட்டும் சூடாக வரும் என்பது அவருடைய குற்றச்சாட்டு. பொய்யில்லை.

ஒரு வெள்ளச் சேதக் கணக்கெடுப்பில் முழுக் கிராமமே விடுபட்டுப்போய், அந்த ஊர்க்காரர்கள் நம் அலுவலகத்தை வெளியே பூட்டிவிட்ட நாள் சிலருக்கு நினைவிருக்கும். நான் மேஜைக்கு அடியில் ஃபைல் தேடிக்கொண்டிருந்தேன். இன்றுவரை அந்த ஃபைல் கிடைக்கவில்லை. சார் ஜன்னலோரம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, வெளியே கத்திக்கொண்டிருந்தவரிடம் நிதானமாகச் சொன்னார்: "நீங்களும் போக முடியாது, நாங்களும் போக முடியாது. சாவி யாருகிட்ட இருக்குன்னாவது தெரிஞ்சு வச்சுக்குவோம்." விசாரித்தால், சாவிக்காரர் பசி தாங்காமல் சாப்பிட வீட்டுக்குப் போயிருந்தார். வெளியே நின்றவர்களே சிரித்துவிட்டார்கள். அடுத்த நாள் சார் அந்தக் கிராமத்து வரப்பில் நின்று கணக்கெடுத்தார். இடுப்பளவு சேற்றில் நானும் நின்றேன், என் விருப்பத்தைக் கேட்காமலே.

ஓய்வு பெற்ற பிறகு எட்வினின் அம்மாவும் போய்ச்சேர, பூக்காரத் தெரு வீட்டில் அவர் தனியாக இருந்தார். போன வருடத்துக்கு முந்தின வருடம் ஸ்கூட்டரிலிருந்து விழுந்து இடுப்பில் அடி. பெங்களூரிலிருந்து ஓடிவந்த எட்வின் ஸ்கூட்டர் சாவியை எடுத்துக்கொண்டான். கூடத்தில் டிவிக்கு மேலே ஒரு கேமரா மாட்டினான். அது பார்க்கும், பேசும், கரண்ட் போனாலும் கண்ணை மூடாது. அதற்கும் ஒரு விளக்குக்கும் மட்டும் இன்வெர்ட்டர் போட்டிருந்தான். அப்பா வீட்டோடு இருக்க லஞ்சமாக ஒரு நாற்காலியும் அனுப்பினான். வீடியோ கேம் விளையாடுகிறவர்களுக்கென்று செய்த நாற்காலி. கால் கிடையாது. தரையில் உட்கார்ந்து முன்னும் பின்னும் ஆடும். தலைக்குப் பக்கத்தில் இரண்டு ஸ்பீக்கர், முதுகுக்குப் பின்னால் அதிரும் மெஷின். சொகுசு பஸ்ஸிலிருந்து யாரோ சீட்டைப் பிடுங்கி வந்ததுபோல் இருந்தது.

நாற்காலி வந்தாயிற்று, கேம் வேண்டுமே. எட்வின் பள்ளியில் படித்தபோது வாங்கிய, கேசட் செருகி விளையாடும் பழைய டிவி கேம் பீரோவில் இருந்தது. அவன் பிளஸ் டூ பரீட்சைக்காக சார் எடுத்துப் பூட்டி வைத்தது, பூட்டியபடியே இருந்தது. "அப்ப நான் அவனை ரூமுக்குள்ள வச்சுப் பூட்டினேன். இப்ப அவன் முறை" என்றார், பீரோவைத் திறந்துகொண்டே.

இரண்டையும் இணைக்கும் பொறுப்பு என்னுடையதாயிற்று. வீட்டில் ஃப்யூஸ் போனால் மனைவியைக் கூப்பிடுகிறவன் நான். கேமிலிருந்து வருவது இரண்டே வயர், ஒன்று மஞ்சள், ஒன்று வெள்ளை. நாற்காலி கேட்பதும் இரண்டு, ஆனால் சிவப்பும் வெள்ளையும். இரண்டுக்கு இரண்டு சரியாகப் போயிற்று என்று, நிறத்தைப் பார்க்காமல் நாற்காலியில் செருகி சுவிட்சைப் போட்டேன். மஞ்சளில் வருவது படமாம். படத்தைக் காதுக்குள் திணித்தால் என்ன ஆகும்? நாற்காலி அறுவடை மெஷின் மாதிரி உறுமியது. மேலே சார் உட்கார்ந்திருந்தார். உடம்பெல்லாம் குலுங்க, "கணேசா, குறுவை அறுப்பு ஆரம்பிச்சிடுச்சுப்பா" என்றார்.

மஞ்சளை டிவிக்கு மாற்றினேன். வெள்ளை ஒன்றுதான் சத்தம். அதை நாற்காலிக்குக் கொடுத்தால் இடது தோள் மட்டும் ஆடியது. சாருக்கு வலது காதுதான் கொஞ்சம் கேட்கும். கடையில் கேட்டபோது, ஒரு முனை இரண்டாகப் பிரியும் சின்ன வயர் ஒன்றைக் கொடுத்தார்கள். அதை மாட்டியதும் இரண்டு தோளும் அதிர்ந்தன. திரையில் குண்டு வெடித்தால் முதுகில் வெடித்தது. பல மாதமாக எதுவும் சரியாகக் காதில் விழாதவர், "இது கேக்குதுய்யா" என்றார். அந்த முகத்தை நான் பார்த்தேன்.

ஒன்றை நாங்கள் யோசிக்கவில்லை. பழைய கேமின் கைப்பிடி வயர் குட்டை. அதனால் நாற்காலியை டிவிக்குப் பக்கத்தில், நடுக்கூடத்தில், போட வேண்டியிருந்தது. பிடித்து எழச் சுவரில்லை, கட்டிலில்லை. அடிபட்ட இடுப்போடு தரையில் உட்கார்ந்தவர் உட்கார்ந்தவர்தான். பகலெல்லாம் கட்டிலில் இருப்பார். மூன்று மணிக்கு மேல் மெல்ல வந்து அதில் சரிந்து விழுவார். பிறகு சாயங்காலம் நான் அலுவலகம் விட்டு வந்து தூக்க வேண்டும். அதையும் கேமராவுக்கு முதுகைக் காட்டி, கட்டிப்பிடித்து நலம் விசாரிப்பதுபோல் செய்வேன்.

ஏன் இந்த நாடகம் என்றால், எட்வின் ஏற்கெனவே சொல்லியிருந்தான்: இனி தனியாக எழ நடக்க முடியவில்லை என்று தெரிந்தால் பெங்களூர்தான். ஊருக்கு வெளியே ஒரு முதியோர் இல்லத்தின் படங்களையும் அனுப்பியிருந்தான். சார் அதில் இருந்த புல்வெளியைப் பெரிதாக்கிப் பார்த்து, "யூரியா ஜாஸ்தி" என்றார். பிறகு தாழ்ந்த குரலில், "அங்க போனா நான் திரும்பி வர மாட்டேன்யா" என்றார்.

ஒரு மழை நாள். வழக்கம்போல் குனிந்து தூக்கினேன். என் முதுகு பிடித்துக்கொண்டது. அப்படியே அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டேன்; உட்கார்ந்தேன் என்பது மரியாதைக்காக. இப்போது தரையில் இரண்டு பேர், தூக்க ஆளில்லை. மேலே கேமரா. என் போன் வாசலில் நின்ற வண்டிப் பையில், சாருடையது கட்டிலில். சார் உதட்டை அசைக்காமல், "விளையாடுற மாதிரி இரு" என்றார். இரண்டாவது கைப்பிடியை எடுத்துக்கொண்டேன். விளையாடினோம். யாராவது வருவார்கள் என்று விளையாடினோம். அப்போது கரண்ட் போயிற்று.

டிவி கறுத்தது. நாற்காலி செத்தது. கேமராவின் நீல விளக்கும் இன்வெர்ட்டர் விளக்கும் மட்டும் எரிந்தன. சார் நிறுத்தவில்லை. கறுத்த டிவியைப் பார்த்து பட்டன்களை அமுக்கிக்கொண்டே இருந்தார். நானும் அமுக்கினேன். போதாதென்று, மகன் காதுக்காக, வாயாலேயே "டிஷ்யூங்" என்று சுட ஆரம்பித்தார். அரசு ஊழியம் பார்த்த இரண்டு பேர் இல்லாத படத்தைப் பார்த்து இல்லாத எதிரியைச் சுட்டுக்கொண்டிருந்தோம்.

மேலேயிருந்து எட்வின் குரல் வந்தது. "அப்பா. கரண்ட் போய் ரொம்ப நேரமாச்சு. ரெண்டு பேரும் என்ன விளையாடுறீங்க?"

எனக்குச் சட்டென்று ஐந்தாறு பொய் தோன்றியது; அது ஒன்றுதான் எனக்குத் தடையில்லாமல் வருவது. வாயைத் திறக்குமுன் சார் கைப்பிடியைக் கீழே வைத்தார். கேமராவை நிமிர்ந்து பார்த்து, "எந்திரிக்க முடியலைடா" என்றார்.

"தெரியும்ப்பா."

"எப்பலேருந்து?"

"ஆரம்பத்துலேருந்தே. அங்கிள் வந்து உங்களைத் தூக்குற வரைக்கும் நான் ஆபீஸ்ல சீட்டை விட்டு அசையுறதில்ல. பாத்துக்கிட்டேதான் இருப்பேன்."

சார் கேட்டார்: "அப்ப கூட்டிட்டுப் போகப்போறியா?"

"வரீங்களா?"

"வரலை."

எட்வின் என்னிடம், "அங்கிள், நீங்க தினமும் வந்துடுவீங்கல்ல?" என்றான். முதுகு பிடித்துத் தரையில் கிடக்கிறவனிடம் கேட்கிற கேள்வியா அது? வருவேன் என்றேன். அப்புறம் அவன் அருள்மேரிக்குப் போன் செய்ய, அவரும் அவர் கணவரும் வந்து எங்களை ஒவ்வொருவராக நிமிர்த்தினார்கள். என்னைத் தூக்கும்போது அருள்மேரி, "சாரை விட நீங்கதான் கனம்" என்றதைத் தெருவே அறியும்.

அன்றிலிருந்து என் சாயங்காலங்கள் போயின. கும்பகோணத்தில் கல்யாண வரவேற்பா, அதிராம்பட்டினத்தில் நண்பர் வீட்டு விருந்தா, எதுவானாலும் சாரைத் தூக்கிவிட்டுத்தான். பிரியாணி தீர்ந்த பிறகு நான் போய்ச்சேர்ந்த விருந்துகளின் வருத்தம் இன்னும் ஆறவில்லை. நாற்காலிக்குக் கீழே உயரமாக ஒரு பலகை அடித்துவிட்டால் அவரே எழுந்துவிடுவார் என்று தச்சரைக் கூட்டிவந்தேன். அளவெடுக்க விடவில்லை. உயர்த்தினால் ஆட்டம் போய்விடும் என்றார். பிடிவாதக்காரர் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தேன்.

அடக்கம் முடிந்து கல்லறையிலிருந்து திரும்பும்போது எட்வின் சொன்னான். பலகை விஷயத்தை அவனும் அப்பாவிடம் கேட்டிருக்கிறான். "உசரமாக்கிட்டா கணேசன் வர மாட்டான்டா" என்றாராம். இரண்டு வருடமாக அவரை நான் தூக்கிவிட்டதாக நினைத்துக்கொண்டிருந்தேன். மனிதர் என்னைப் பிடித்து வைத்திருந்திருக்கிறார்.

நாற்காலியையும் கேமையும் எட்வின் என்னிடமே கொடுத்துவிட்டான். எங்கள் கூடத்தில் இப்போது நடக்க வழியில்லை. எனக்குப் பழக்கம் ஒன்று உண்டு, உங்களுக்கே தெரியும். சர்க்கரை ஏறியபோதும், பிரமோஷன் நழுவியபோதும், என் பையன் என்னோடு பேசாமல் போனபோதும் ஒரு ஜோக்கைச் சொல்லிக் கடந்துவிடுவேன். முடியவில்லை என்று யாரிடமும் சொன்னதில்லை. நேற்று சாயங்காலம் நாற்காலியில் உட்கார்ந்து விளையாடினேன். முதுகு பிடித்துக்கொண்டது. சிரிக்கும்படி ஏதாவது சொல்லலாமா என்று பார்த்தேன். சாருடைய குரல்தான் வந்தது. சமையலறைப் பக்கம் திரும்பி, ஒன்றும் சேர்க்காமல், "எந்திரிக்க முடியலை, கொஞ்சம் வா" என்றேன்.

அடுப்பை அணைக்கும் சத்தம் கேட்டது. மனைவி ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே வந்தாள்.