ஞானையனின் மழை மெஷின்

பிற்பகல் மூன்றரை மணிக்குச் செய்தி வந்தபோது ராகேல் மொட்டைமாடியில் கொப்பரை கிளறிக்கொண்டிருந்தாள். களியக்காவிளைக்கு மோட்டார் பம்பு பார்க்கப் போன ஞானையன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார், பிறகு எழுந்திருக்கவில்லை என்று போனில் சொன்னார்கள்.

மஸ்கட்டில் எலெக்ட்ரீஷியனாக இருந்துவிட்டு இரணியலுக்குத் திரும்பியவர் ஞானையன். வந்ததிலிருந்து அவரை அரித்த கவலை மனைவியின் முட்டுவலிதான். தூறல் விழுந்தால் போதும், எண்ணெய்க்குக் காயப்போட்ட கொப்பரையை மூட ராகேல் முனகிக்கொண்டே மாடிப்படி ஏறுவாள்.

அதற்காகத்தான் யூடியூப் பார்த்து அந்த மெஷினைச் செய்தார். சென்சார் தகட்டில் நீர் பட்டால் மைக்ரோகண்ட்ரோலர் மோட்டாரை ஓட்டும்; தார்ப்பாய் கம்பியில் நகர்ந்து வந்து மூடும். கையால் தண்ணீர் தெளித்துக் காட்டியபோது அழகாக மூடியது.

மழைக்கு மூடவில்லை. ஐப்பசி முழுக்க அப்படித்தான். அவர் வேலை முடிந்து வரும்போது கொப்பரை நனைந்திருக்கும். ராகேல் முட்டில் தைலம் தேய்த்துக்கொண்டிருப்பாள்.

“கல்ஃபுல கரண்டு பாத்த ஆளாக்கும்! மழைக்கும் ஒரு விசா எடுத்துக் குடுங்க, அப்பமாவது உங்க மெஷினுக்கு ஆள் தெரியட்டும்.”

அவர் சென்சாரை மாற்றினார், புரோகிராமைத் திருத்தினார். தன் படிப்பு போதவில்லை என்று தன்னையே நொந்துகொண்டார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் வீட்டில் இருக்கையில் இடி முழங்கியது. ராகேல் எழுந்து டிவி பிளக்கைக் கழற்றினாள், பிறகு மோடம், பிரிட்ஜ், கடைசியாக மெஷின். இடி கேட்டால் ஊரில் எல்லா வீட்டிலும் செய்வதுதான். மழை விட்டதும் திரும்பச் சொருகிவிடுவாள்.

“ஏட்டி, எப்பவும் இதையும் கழத்துவியா?”

“பின்ன? இடி விழுந்து கருகவா?”

“மழை வருமுன்ன அதுக்க கண்ணக் கட்டிப்போட்டுட்டு, பாக்கலேன்னு என்னைய ஏசுதியே!”

ஞானையன் கண்ணில் நீர் வரச் சிரித்தார். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. எழுந்து சாயா போடப் போனாள்.

அந்த வாரமே வடசேரியில் பேட்டரி வாங்கி வந்தார். பிளக்கைக் கழற்றினாலும் மெஷின் ஓடும். மறுநாள் காலையில் மாடியில் உட்கார்ந்து வயர்களைப் பற்றவைக்கும்போது களியக்காவிளையிலிருந்து ராகேலின் தங்கை குளோரி போன் செய்தாள். பம்பு ஓடவில்லை.

“பத்து நிமிசம் ஏட்டி, இத முடிச்சிட்டுப் போறேன்.”

“அது எங்கயும் ஓடிப் போவாது. அங்க குடிக்கத் தண்ணியில்ல, முதல்ல போங்க.”

போனார்.

அடக்கம் முடிந்த மறுவாரம் இடி முழங்கியது. ராகேல் மற்றதையெல்லாம் கழற்றினாள், மெஷின் பிளக்கைத் தொடவில்லை. சற்று நேரத்தில் கரண்டே போய்விட்டது. கைப்பிடியைப் பற்றிப் படியேறி, தார்ப்பாயைக் கையால் இழுத்து மூடினாள். பேட்டரியில் சிவப்பு வயர் பற்றவைக்கப்பட்டிருந்தது. கறுப்பு வயர் பற்றவைக்கப்படவில்லை.